கை நனைக்காமல் பார்த்த போர்க்களம்

பெண் கொடுப்பதற்கு முன்னால் மாப்பிள்ளை வீட்டை ஒரு நடை போய்ப் பார்த்துவிட்டு வருவது எங்கள் பக்கத்து வழக்கம். வேன் பிடித்து, சொந்தக்காரர்களை அடைத்துக்கொண்டு ஸ்ரீவைகுண்டத்துக்கோ விளாத்திகுளத்துக்கோ போவோம். சுவரைத் தட்டிப் பார்ப்போம், கிணற்றை எட்டிப் பார்ப்போம், பக்கத்து வீட்டில் நைசாக விசாரிப்போம், பொழுது சாய்வதற்குள் தூத்துக்குடிக்குத் திரும்பிவிடுவோம். அமெரிக்காவில் வேலை பார்க்கிற என் ஒரே மகள் செல்வி விரும்பிய பையனின் வீடு அந்தத் தேசத்தின் தென்கோடியில், மெக்சிகோ எல்லையை ஒட்டிய பிரவுன்ஸ்வில் என்ற ஊரில் இருந்தது. அங்கே வேன் போகாது என்பதால் நானும் என் மனைவி சரசுவும் விமானம் ஏறினோம்.

எனக்கு மிளகாய் வத்தல் மொத்த வியாபாரம். நானும் அண்ணாச்சியும் சேர்ந்து நடத்துகிறோம். அண்ணாச்சி என் உடன்பிறந்த மூத்தவர். எங்கள் வீட்டில் அவர் தலையசைக்காமல் ஒரு மூட்டை கூட நகராது. செல்வி விஷயத்தில் அவர் தலையசைக்கவில்லை. மறுக்கவும் இல்லை. பையன் வேறு தேசம், வேறு மதம் என்பதைக்கூட அவர் பெரிதாகப் பேசவில்லை. நாளைக்கு ஏதாவது ஒன்றென்றால் யாரிடம் போய் நிற்பாய் என்றுதான் திரும்பத் திரும்பக் கேட்டார். புறப்படும்போது வாசல்வரை வந்து, "வீட்டப் பாத்துட்டு வா. காப்பி குடி, பாதகமில்ல. சோத்துல மட்டும் கை நனைச்சிராத" என்றார்.

இதை விளக்க வேண்டும். வீடு பார்க்கப் போன இடத்தில் தண்ணீர் குடிக்கலாம், பலகாரத்தைப் பேருக்கு ஒரு கடி கடிக்கலாம். சாப்பாட்டுக்கு உட்காரக்கூடாது. உட்கார்ந்து கை நனைத்துவிட்டால் சம்பந்தம் முடிந்தது என்று பொருள். அதன் பிறகு பின்வாங்குகிறவனை ஊர் மனுசனாக மதிக்காது.

செல்வியும் தன் பங்குக்குப் போனில் ஒன்று சொல்லியிருந்தாள். "நீங்க வேண்டாம்னு சொன்னா நான் ஓடிப்போய்க் கெட்டிக்கிட மாட்டேம்ப்பா. ஆனா வேற யாரையும் கெட்டிக்கிடவும் மாட்டேன்." மகள் அழுதிருந்தால் சமாளித்திருப்பேன். அவள் நிதானமாகச் சொன்னதுதான் விமானத்தில் என்னைத் தூங்கவிடவில்லை.

முதல் நாள் பெட்டி திறக்கும் சடங்கு. சுங்க அதிகாரி தட்டுக்காகக் கொண்டுபோன பழங்களை எடுத்துக் குப்பையில் போட்டார். கருப்பட்டியைக் கையில் எடுத்து உருட்டி, முகர்ந்து, மரத்திலிருந்து வருகிற சர்க்கரை என்று நான் சொன்னதும் இன்னொருவரைக் கூப்பிட்டு அவருக்கும் முகரக் கொடுத்தார். கடைசியில் விட்டுவிட்டார்கள். தூத்துக்குடி மக்ரூனை அவர்கள் ஒன்றும் செய்யவில்லை, விமானக் கம்பெனி ஏற்கெனவே செய்து முடித்திருந்தது. பெட்டிக்குள் கூம்பு கூம்பாக வைத்ததெல்லாம் மாவாகிக் கிடந்தது. சம்பந்தி வீட்டுக்கு ரவை கொண்டுபோவதுபோல் இருக்கிறதே என்று சரசு வழியெல்லாம் புலம்பினாள்.

செல்வியும் அந்தப் பையன் தானியேலும் வண்டி கொண்டுவந்திருந்தார்கள். வழியில் ஒரு தெருவோரக் கடையில் சாப்பிட்டோம். சோளமாவில் சுட்ட சின்னச் சப்பாத்திக்குள் கோழிக்கறியை வைத்து மடித்துத் தந்தார்கள். கூடவே கிண்ணத்தில் ஆரஞ்சு நிறத்தில் ஒரு துவையல். காரம் அதிகம், ஜாக்கிரதை என்றான் தானியேல். நான் சிரித்தேன். காலமெல்லாம் வத்தல் மூட்டைமேல் உட்கார்ந்து கணக்குப் பார்த்தவனிடம் இந்தப் பையன் காரம் பேசுகிறானே என்று ஒரு கரண்டி அள்ளிப் போட்டுக்கொண்டேன். அடுத்து நடந்ததை விரிவாக எழுத மானம் இடம் தரவில்லை. மிளகாயே இந்த மண்ணிலிருந்துதான் கப்பலேறி நம்மூருக்கு வந்தது என்று தானியேல் பால் வாங்கிக் கொடுத்தபடியே சொன்னான். தாய்வீட்டில் போய் வாயைக் கொடுத்துவிட்டேன் என்று புரிந்தது.

மறுநாள் காலை தானியேலின் அப்பா ராமோன் வந்தார். துறைமுகத்தில் கிரேன் ஓட்டுகிறவர், கனத்த மீசை, வாய் ஓயாத மனிதர். வீட்டைப் பார்ப்பதற்கு முன்னால் ஊரைப் பார்க்க வேண்டும், ஊரைப் பார்ப்பதென்றால் போர்க்களத்தைப் பார்க்க வேண்டும் என்று எங்களை ஊருக்கு வடக்கே பாலோ ஆல்டோ என்ற இடத்துக்கு அழைத்துப்போனார்.

இறங்கியதும் சரசு சுற்றிலும் பார்த்தாள். தட்டையான உவர் நிலம், முழங்கால் உயரப் புல், அங்கங்கே சப்பாத்திக்கள்ளி, வேலிக்கருவைக்குப் பங்காளி மாதிரி ஒரு முள்மரம், கடலிலிருந்து பிசுபிசுவென்று ஒரு காற்று. "இது நம்ம மாப்பிள்ளையூரணிக்குப் பொறத்தாலல்லா இருக்கு? இதுக்கா இம்புட்டுத் தூரம் பறந்து வந்தோம்?" என்றாள். எனக்கும் அதே எண்ணம்தான். வெயில்கூட நம்மூர் வெயில். ஒரு உப்பளமும் இரண்டு லாரியும் நின்றிருந்தால் நான் நடந்தே வீட்டுக்குப் போயிருப்பேன்.

ராமோன் கதையை ஆரம்பித்தார், கூட வந்த செல்வி தமிழில் சொல்லிக்கொண்டே வந்தாள். இந்த டெக்சாஸ் முதலில் மெக்சிகோவின் நிலம். அது பிரிந்துபோய், பிறகு அமெரிக்காவோடு சேர்ந்துகொண்டது. எல்லை எது என்பதில்தான் வம்பு வந்தது. வடக்கே இருக்கிற நுவேசஸ் ஆறுதான் எல்லை என்றது மெக்சிகோ. இல்லை, தெற்கே இருக்கிற ரியோ கிராண்டே ஆறு என்றது அமெரிக்கா. இரண்டு ஆற்றுக்கும் நடுவே பெரிய நிலப்பரப்பு. எனக்கு இது சட்டென்று விளங்கியது. விளாத்திகுளத்துப் புஞ்சைகளில் இதே கேஸ் வருசக்கணக்காக நடக்கும். இவன் உடைமரம்வரை என் நிலம் என்பான், அவன் ஓடைவரை என் நிலம் என்பான், கடைசியில் வக்கீல் மாடி கட்டுவார்.

இங்கே வக்கீலுக்குப் பதில் ராணுவம் வந்தது. அமெரிக்கப் படை தெற்கு ஆற்றங்கரைவரை வந்து, மெக்சிகோவின் மத்தமோரோஸ் ஊருக்கு நேர் எதிரே கோட்டை கட்டி உட்கார்ந்தது. மெக்சிகோ படை ஆற்றைத் தாண்டி வந்தது. 1846 மே மாதம் இந்தப் புல்வெளியில் இரண்டும் மோதின. அமெரிக்கர்களிடம் குதிரை பூட்டி இழுத்து ஓடுகிற இலகுவான பீரங்கிகள். இங்கே சுடும், அடுத்த நிமிடம் அங்கே போய்ச் சுடும். மெக்சிகோவின் பீரங்கிகள் பழசு, மருந்தும் மட்டம். குண்டு தரையில் விழுந்து உருண்டு வரும், எதிரே நிற்கிற சிப்பாய் பார்த்து விலகிக்கொள்வான். நடுவில் புல்லில் தீப்பிடித்து, புகையில் யாரும் யாரையும் பார்க்க முடியாமல் போர் கொஞ்ச நேரம் நின்றதாம்.

அந்த உருட்டுக் குண்டைச் சுட்டவர்களில் ஒருவர் தன் முப்பாட்டனாருக்கு முப்பாட்டனார் என்றார் ராமோன். பெருமைப்படுவதா வெட்கப்படுவதா என்று அவருக்கே இன்னும் தெரியவில்லை. எழுத்தில் ஆதாரம் எதுவும் கிடையாது, வீட்டில் சொல்லி வருவதுதான். அவர் மனைவி எலேனாவின் வழியில் ஒருவர் அமெரிக்கப் படைக்குக் கோவேறு கழுதை வண்டி ஓட்டியவராம். "எங்கள் வீட்டில் சண்டை வந்தால் அது இங்கேயிருந்துதான் தொடங்கும்" என்றார். அவருடைய பாட்டனார் ஒரு குண்டைக்கூட நேராகச் சுடவில்லை என்று எலேனா சொல்வாராம். உன் பாட்டனார் பார்த்ததெல்லாம் கழுதையின் பின்புறம்தான் என்று இவர் சொல்வாராம். பிறகு காப்பி குடிப்பார்களாம்.

போர் இரண்டு வருடம் போல நீண்டது. அமெரிக்கப் படை மெக்சிகோவின் தலைநகர்வரை போனது. ஒப்பந்தம் எழுதி முடித்தபோது மெக்சிகோவிடம் பாதி நிலம்தான் மிஞ்சியது. இருந்த வீட்டிலேயே இருந்தவர்கள் ஒருநாள் காலையில் வேறு தேசத்தவராக எழுந்தார்கள் என்று சொல்லும்போது ராமோன் சிரிக்கவில்லை. அவர் முகத்தைப் பார்த்து நானும் கேலியை நிறுத்திக்கொண்டேன்.

மத்தியானம் அவர்கள் வீட்டுக்குப் போனோம். சின்ன வீடு, மஞ்சள் சுவர், முற்றத்தில் எலுமிச்சை மரம். எலேனா குள்ளமான, வேகமான பெண்மணி. சரசுவைக் கட்டிப்பிடித்துக்கொண்டார். சரசு உடைந்த மக்ரூனைக் கூச்சத்தோடு நீட்டியதும் ஒரு தேக்கரண்டி எடுத்துவந்து, நின்றபடியே மூன்று கரண்டி தின்று கண்ணை மூடிக்கொண்டார். எனக்கு அவரை அப்போதே பிடித்துவிட்டது.

பிறகு மேசையைக் காட்டினார். நாங்கள் மாட்டுக்கறி தின்ன மாட்டோம் என்று செல்வியிடம் கேட்டுத் தெரிந்துகொண்டு, விடியற்காலையிலிருந்து எங்களுக்காகவே சமைத்திருக்கிறார். கோழி, பீன்ஸ், சோளத்தோலில் சுற்றி அவித்த கொழுக்கட்டை மாதிரி ஒன்று. வாசனை என்னைக் கையைப் பிடித்து இழுத்தது. நான் சரசுவைப் பார்த்தேன், சரசு என்னைப் பார்த்தாள். எனக்கு வயிறு சரியில்லை என்றேன். அதே நேரத்தில் சரசு, இன்றைக்கு விரதம் என்றாள். ஒரே வீட்டுக்காரர்கள் ஒரே பொய்யைச் சொல்லியிருக்கலாம். எலேனா மறுபடி மறுபடி உபசரித்தார். நாங்கள் தண்ணீர் மட்டும் குடித்தோம். அவர் பேச்சு கொஞ்சம் கொஞ்சமாகக் குறைந்து, கடைசியில் தட்டுகளை ஒவ்வொன்றாக உள்ளே எடுத்துப்போனார். வீடு பார்க்க வந்தவன் கடமையைச் சரியாகச் செய்தேன். ஆனால் திருட்டுப்பயலைப்போல் இருந்தது எனக்கு.

வெளியே வந்ததும் செல்வி பிடித்துக்கொண்டாள். இந்த வழக்கமெல்லாம் அவளுக்குத் தெரியாது. அவள் பார்த்த கல்யாணங்களில் பந்திதான் உண்டு, அதற்கு முந்தின கதை கிடையாது. நான் சொல்லி முடித்ததும், "நீங்க அவங்க சமையலுக்கு அருவருப்புப் பட்டதா அவங்க நெனைச்சிட்டாங்கப்பா" என்று மட்டும் சொன்னாள். அன்றைக்குச் சாயங்காலமே போய் எலேனாவிடம் எல்லாவற்றையும் விளக்கியிருக்கிறாள்.

மூன்றாம் நாள் ராமோன் தன் நிலத்தைக் காட்டக் கூப்பிட்டார். எலேனாவும் மூடி போட்ட ஒரு பெரிய கூடையோடு வண்டியில் ஏறினார். வணக்கம் சொன்னார், சிரித்தார், அதற்குமேல் பேசவில்லை.

ராமோனின் நிலம் இருக்கிற இடம்தான் வேடிக்கை. எல்லை என்னவோ ஆறுதான். ஆனால் வேலியை ஆற்றங்கரையில் போடாமல் ஊருக்குள் தள்ளிப் போட்டிருக்கிறார்கள். இரும்புத் தூண்களை நெருக்கி நட்ட உயரமான வேலி. அதற்கும் ஆற்றுக்கும் நடுவே ராமோனின் ஆரஞ்சுத் தோட்டம். எண்களை அழுத்தினால் கதவு நகரும், உள்ளே போகலாம். போர் முடிந்து இத்தனை காலம் ஆகியும் நடுநிலம் ஒன்று மிச்சம் இருக்கிறது. உள்ளே போனதும் என் கைபேசி, மெக்சிகோவுக்கு நல்வரவு என்று செய்தி காட்டியது. செல்போன் கோபுரத்துக்கு எல்லைத் தகராறு தெரியாதுபோல.

தோட்டத்தைத் தாண்டி ஆற்றைப் போய்ப் பார்த்தோம். நான் பெரிய வெள்ளத்தை எதிர்பார்த்திருந்தேன். ஸ்ரீவைகுண்டம் அணைக்கட்டில் நிற்கிற தாமிரபரணியில் கால்வாசி இருக்கும். எதிர்க்கரையில் மெக்சிகோக்காரர் ஒருவர் தூண்டில் போட்டுக்கொண்டிருந்தார். சரசு கையசைத்தாள், அவரும் அசைத்தார். "இந்த வாய்க்காலுக்கா இவ்வளவு பேரு செத்தாவ?" என்றாள். ராமோனுக்குச் செல்வி மொழிபெயர்த்துச் சொன்னாள். அவர் தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிந்துகொண்டார்.

திரும்பும்போது கதவு திறக்கவில்லை. ராமோன் எண்களை அழுத்தினார், தானியேல் அழுத்தினான், எலேனா ராமோனைத் திட்டிவிட்டுத் தானும் அழுத்தினார். கதவு அசையவில்லை. ஆள் வருவார்கள், நேரமாகும் என்று போனில் சொன்னார்கள். உச்சி வெயில். தானியேல் எங்களை ஆரஞ்சு மரத்தடியில் உட்காரவைத்து, இருந்த ஒரே குப்பித் தண்ணீரை முதலில் சரசுவிடம் கொடுத்தான். அவனைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். வண்டிக்கும் கதவுக்குமாக எத்தனையோ தடவை நடந்தான், ஒருமுறைகூட முகம் சுளிக்கவில்லை. நீ குடிப்பாயா என்று முந்தின நாளே கேட்டிருந்தேன். ஞாயிற்றுக்கிழமை ஒரு பீர் என்றான். கிழமை பார்த்துக் குடிக்கிற ஒழுக்கம் எங்கள் சொந்தத்தில் யாருக்கும் கிடையாது.

எலேனா கூடையைத் திறந்தார். சுட்ட ஆட்டுக்கறியின் வாசனை மரத்தடி முழுக்கப் பரவியது. ராமோனுக்கும் தானியேலுக்கும் செல்விக்கும் தட்டு வைத்தார். எங்களுக்கு வைக்கவில்லை. பசி வந்திடப் பத்தும் பறந்துபோகும் என்பார்கள். எனக்கு அந்த நிமிடத்தில் பதினொன்றும் பறந்தது. சரசு முழங்கையால் இடித்தாள். "இது அவிய வீடு இல்லல்லா. தோட்டம்தான. கேளுங்க" என்றாள்.

கேட்டேன். பெண்ணைப் பெற்றவன் மாப்பிள்ளை வீட்டாரிடம் சோறு கேட்பது எங்கள் குலத்தில் அதுவே முதல்முறையாக இருக்கும். எலேனா கையைத் துடைத்துக்கொண்டு நேராக என்னைப் பார்த்துப் பேசினார். செல்வி தட்டைக் கீழே வைத்துவிட்டு மொழிபெயர்த்தாள்.

"உங்கள் வழக்கத்தைச் செல்வி சொன்னாள். நல்ல வழக்கம். அதனால் நானும் அப்படியே செய்கிறேன். நீங்கள் மட்டும்தான் முடிவு செய்ய வேண்டும் என்று நினைத்தீர்களா? எங்களுடைய அந்தக் கழுதை வண்டிக்காரன் காய்ச்சலோடு இந்த ஊரில் விழுந்து கிடந்தான். போரில் தோற்றவர்கள், மகனைப் பறிகொடுத்தவர்கள், அவனைக் கூப்பிட்டு உட்காரவைத்துச் சாப்பாடு போட்டார்கள். அவனும் சாப்பிட்டான். அதனால்தான் நான் இருக்கிறேன். எனக்கு ஒன்று தெரிய வேண்டும். என் மகன் உங்கள் ஊருக்கு வந்தால் உங்கள் வீட்டுப் பெரியவர் அவனைப் பக்கத்தில் உட்காரவைத்துச் சாப்பாடு போடுவாரா?"

இவ்வளவு தூரம் வந்தவன் அவர்கள் வீட்டுக் கதவைப் பார்த்தேன், சுவரைப் பார்த்தேன், பையன் நடையைப் பார்த்தேன். எங்களையும் யாராவது அப்படிப் பார்ப்பார்கள் என்று தோன்றவே இல்லை. போடுவார் என்று சொல்லிவிடலாம். ஆனால் முந்தின நாள் சொன்ன பொய்யே இன்னும் உறுத்தியது. செல்வி தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவளைப் பார்க்க எனக்குப் பாவமாக இருந்தது.

மெக்சிகோ கோபுரத்தின் புண்ணியத்தில் போன் உடனே கிடைத்தது. ஊரில் எல்லாரும் படுத்திருக்கிற நேரம். அண்ணாச்சி முதல் மணியிலேயே எடுத்தார். எலேனா கேட்டதை ஒரு வார்த்தை குறையாமல் சொன்னேன்.

"அந்தப் பையன் வந்தா பந்தியில ஒங்க பக்கத்துல உக்கார வப்பியளா அண்ணாச்சி? அந்த அம்மா கேக்காவ."

"அந்த அம்மாவே கேட்டாவளா?" என்றார்.

"ஆமா."

"மகனுக்காவ நின்னு கேக்காவ. அப்பம் நாளைக்கு ஒண்ணுன்னா நம்ம பிள்ளைக்கும் நிப்பாவ. வப்பேன்னு சொல்லு. நீ கை நனைச்சிட்டியா?"

"இன்னும் இல்ல. ஒங்ககிட்ட கேட்டுட்டுத்தான்."

"என்ன கறி?"

"ஆடு."

"வெள்ளாடா, செம்மறியா?"

கூடையை எட்டிப் பார்த்தேன். "வெள்ளாடு."

"ஆறிப்போயிரும்லே. சாப்பிடு."

என்ன சொன்னார் என்று எலேனா செல்வியைக் கேட்டார். செல்விக்கு மொழிபெயர்க்க வரவில்லை, முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதுகொண்டிருந்தாள். நான் ஒரு காலித் தட்டை எடுத்து, இரண்டு கையாலும் எலேனாவிடம் நீட்டினேன்.